ஈவ்லின் வா: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஆங்கில அங்கத நாவலாசிரியர் ஈவ்லின் வாவைப் (1903–1966) பற்றி நான் பேச்செடுத்தால் போதும், நண்பர்கள் கேட்கும் கேள்விகள் பெரும்பாலும் ஒன்றாகவே இருக்கின்றன. பதில்களை ஒரே இடத்தில் எழுதி வைத்துவிட்டேன். சில நாவல்களின் முடிவு இதில் வருகிறது. முன்கூட்டியே தெரியக்கூடாது என்பவர்கள் கடைசிக் கேள்விக்குத் தாவி, அதன் முதல் இரண்டு வாக்கியங்களோடு நிறுத்திக்கொள்ளலாம்.

ஈவ்லின் என்றால் பெண்தானே?

ஆண். முழுப்பெயர் ஆர்தர் ஈவ்லின் செயின்ட் ஜான் வா. இந்தக் குழப்பம் அவரை வாழ்நாள் முழுக்கத் துரத்தியது. 1928இல் வந்த அவருடைய முதல் புத்தகம் ஓவியர் ரொசெட்டியின் வாழ்க்கை வரலாறு. அதற்கு மதிப்புரை எழுதிய லண்டன் இலக்கிய இதழ் ஒன்று அவரை 'மிஸ் வா' என்றே குறிப்பிட்டது. இறந்து ஐம்பது வருஷம் கழித்தும் விடவில்லை. 2016இல் டைம் பத்திரிகை, கல்லூரிகளில் அதிகம் படிக்கப்படும் பெண் எழுத்தாளர்கள் நூறு பேர் என்று ஒரு பட்டியல் போட்டபோது அதில் இவரும் இருந்தார்!

அவர் முதலில் கல்யாணம் செய்துகொண்ட பெண்ணின் பெயரும் ஈவ்லின். நண்பர்கள் 'ஆண் ஈவ்லின்', 'பெண் ஈவ்லின்' என்று பிரித்துச் சொல்லவேண்டி வந்தது.

குடும்பப்பெயரை எப்படி உச்சரிப்பது?

கிரிக்கெட் பார்த்து வளர்ந்தவர்களுக்கு ஸ்டீவ், மார்க் சகோதரர்களைத் தெரியும். அதே பெயர், அதே எழுத்துகள். நம் பத்திரிகைகள் அதை 'வாக்' என்று எழுதிப் பழக்கிவிட்டன. கடைசியில் 'க்' கிடையாது. 'வா'வுக்கும் 'வோ'வுக்கும் நடுவில் ஒரு ஒலி. நான் 'வா' என்றே எழுதுகிறேன், விருந்தாளியை அழைப்பது போலக் கேட்டாலும் பரவாயில்லை. அவருக்கு விருந்தாளிகளைப் பிடிக்காது என்பது வேறு விஷயம்.

எழுத்துக் குடும்பத்தில் பிறந்தவரா?

ஆமாம். அப்பா ஆர்தர் வா, லண்டனில் சாப்மன் அண்ட் ஹால் பதிப்பகத்தின் நிர்வாக இயக்குநர். ஒருகாலத்தில் டிக்கன்ஸின் நாவல்களை வெளியிட்ட பதிப்பகம் அது. வீட்டில் மாலை நேரங்களில் அப்பா டிக்கன்ஸை உரக்க வாசிப்பார். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

அண்ணன் அலெக் அப்பாவின் செல்லம். பதின்வயதிலேயே பள்ளி வாழ்க்கையைப் பற்றி நாவல் எழுதி, 1917இல் அது வெளிவந்து பரபரப்பாகிவிட்டது. பையன்களுக்குள் நடக்கும் காதலைத் தொட்டுக்காட்டிய நாவல். அதனால் அண்ணன் படித்த ஷெர்போர்ன் பள்ளியில் தம்பிக்கு இடமில்லாமல் போயிற்று. ஈவ்லின் லான்சிங் என்ற வேறொரு பள்ளிக்குப் போனார்.

அப்புறம் ஆக்ஸ்ஃபோர்டில் ஹெர்ட்ஃபோர்டு கல்லூரி. கல்லூரிக்காக என்ன விளையாடுகிறாய் என்று யாரோ கேட்டதற்கு, "ஹெர்ட்ஃபோர்டுக்காகக் குடிக்கிறேன்" என்றாராம். கிடைத்தது மூன்றாம் வகுப்பு.

வாத்தியார் வேலை பார்த்தாராமே?

வேறு வழியில்லாமல். 1925இல் வடக்கு வேல்ஸில் ஒரு சின்னத் தனியார் பள்ளிக்குப் போனார். எழுதிக்கொண்டிருந்த நாவலை நண்பர் ஒருவர் நன்றாக இல்லை என்றதும் எரித்துவிட்டார். நம்பியிருந்த வேறொரு வேலையும் கைநழுவியது. ஒரு ராத்திரி கடற்கரைக்குப் போய், உடைகளைக் களைந்து, பக்கத்தில் கிரேக்க நாடக வரி ஒன்றை எழுதி வைத்துவிட்டு, சாவதற்காகக் கடலுக்குள் நீந்திப் போனார். சொறிமுட்டை (ஜெல்லிமீன்) கடித்தது. வலி தாங்காமல் திரும்பிவிட்டார். எழுதி வைத்த தாளைக் கிழித்துப் போட்டுவிட்டு மேட்டில் ஏறி வீட்டுக்குப் போனார்.

1964இல் வெளிவந்த தன்வரலாற்றின் முதல் தொகுதி இந்தக் காட்சியோடு முடிகிறது. அடுத்த தொகுதியை அவர் எழுதி முடிக்கவே இல்லை. சாகப் போன கதையைச் சொறிமுட்டையில் கொண்டுபோய் முடிப்பதுதான் வா. அழுகை இல்லை, தத்துவம் இல்லை. நடந்தது இது, அவ்வளவுதான்.

அவருடைய நகைச்சுவையில் அப்படி என்ன விசேஷம்?

முகத்தை மாற்றாமல் சொல்வது. பயங்கரமான ஒன்றை, காய்கறி விலை சொல்கிற குரலில் சொல்லிவிட்டு அடுத்த வாக்கியத்துக்குப் போய்விடுவார்.

முதல் நாவல் 'டிக்லைன் அண்ட் ஃபால்' (1928) நல்ல உதாரணம். பால் பென்னிஃபெதர் ஓர் அப்பாவி மாணவன். பணக்காரக் குடிகாரர்கள் அவன் கால்சட்டையை உருவிவிடுகிறார்கள். அரைகுறை ஆடையோடு ஓடிய குற்றத்துக்குப் பல்கலைக்கழகம் வெளியேற்றுவது அவனைத்தான். வேல்ஸில் ஒரு பள்ளியில் வாத்தியாராகிறான். (எந்தப் பள்ளி என்று யோசிக்கவே வேண்டாம்.) அங்கே விளையாட்டுப் போட்டி. ஓட்டப் பந்தயத்தைத் தொடங்கி வைக்க, போதையில் இருக்கும் பிரென்டர்காஸ்ட் வாத்தியார் துப்பாக்கியைச் சுட, குண்டு டாஞ்ஜென்ட் பிரபு என்ற குட்டிப் பையனின் காலில் படுகிறது. பெரிய காயம் இல்லை என்கிறார்கள். விழா தொடர்கிறது, நாமும் மறந்துவிடுகிறோம்.

பல பக்கங்கள் தாண்டி, யாரோ வேறு எதையோ பேசும்போது, பையனின் கால் வீங்கிக் கறுத்துவிட்டது என்று ஒரு வரி. இன்னும் தள்ளி, காலை எடுத்துவிட்டார்கள் என்று ஒரு வரி. கடைசியில் அவன் அம்மா வாயால்தான் சாவுச் செய்தி வருகிறது. ஒரு கல்யாணத்துக்குப் போகக்கூடாது என்று அவள் ஏற்கெனவே முடிவு செய்திருக்கிறாள். பையன் இந்த நேரம் பார்த்துச் செத்துத் தொலைத்ததால், அதனால்தான் வரவில்லை என்று ஊர் நினைத்துக்கொள்ளுமே என்று எரிச்சல்படுகிறாள். நாவலில் டாஞ்ஜென்டுக்கு ஒப்பாரி இவ்வளவுதான். சிரித்துவிட்டுத்தான் எதற்குச் சிரித்தோம் என்று உறைக்கும்.

பிரென்டர்காஸ்டும் தப்பவில்லை. பின்னால் சிறையில் பாதிரியார் வேலைக்குப் போகிறார். கைதிகளுக்குக் கலை உணர்வு அடங்கிக் கிடப்பதுதான் குற்றங்களுக்குக் காரணம் என்று நம்பும் சீர்திருத்தவாதி அந்தச் சிறையின் அதிகாரி. தச்சனாக இருந்த ஒரு பைத்தியக்காரக் கொலையாளிக்கு மரவேலைக் கருவிகள் வாங்கிக் கொடுக்கிறார். அவன் ரம்பத்தால் பாதிரியாரின் தலையை அறுத்துவிடுகிறான். கைதிகள் பேசிக்கொள்ளக் கூடாது என்பதால் பால் இந்தச் செய்தியைத் தெரிந்துகொள்வது ஜெபத்தின்போது. பாட்டின் மெட்டிலேயே சொற்களை மாற்றிப் பாடி, விவரம் ஒவ்வொன்றாக வரிசையில் கடந்து வருகிறது.

ரொசெட்டி புத்தகத்தை வெளியிட்ட பதிப்பகம் இந்த நாவலை ஆபாசம் என்று தயங்கியது. அப்பா ஊரில் இல்லாத நேரம் பார்த்து அப்பாவின் பதிப்பகத்திலேயே கொடுத்து ஒப்புதல் வாங்கிவிட்டார்.

முதல் கல்யாணம் முறிந்ததற்கும் நாவல்களுக்கும் தொடர்பு உண்டா?

நிறைய. 1928 ஜூனில் கல்யாணம். அடுத்த வருஷமே, 'வைல் பாடீஸ்' பாதி எழுதியிருந்தபோது, தனக்கு இன்னொருவரோடு காதல் என்று மனைவி கடிதம் எழுதினார். அந்த நாவலின் முன்பாதி விருந்தும் கும்மாளமுமாக ஓடும், பின்பாதியில் கசப்பு ஏறும். எங்கே கோடு விழுந்தது என்று கிட்டத்தட்ட விரல் வைத்துக் காட்டலாம். அதில் காதலர்கள் தொலைபேசியில் பேசிப் பிரியும் இடம் ஒன்று உண்டு. வெறும் துண்டு துண்டான உரையாடல், 'சரி', 'அப்படியா' வகை வார்த்தைகள். வர்ணனையே இல்லை. 1930இல் அது புதுசு.

முழுக் காயமும் தெரிவது 'எ ஹேண்ட்ஃபுல் ஆஃப் டஸ்ட்' (1934) நாவலில். என் கணக்கில் அவருடைய ஆகச் சிறந்த புத்தகம். டோனி லாஸ்ட் தன் பழைய மாளிகையை நேசிக்கும் நல்ல மனிதன். மனைவி பிரெண்டாவுக்குச் சலிப்பு. ஜான் பீவர் என்ற உருப்படாத இளைஞனோடு உறவு. டோனிக்கும் பிரெண்டாவுக்கும் பிறந்த சின்னப் பையன் பெயரும் ஜான், முழுப்பெயர் ஜான் ஆண்ட்ரூ. குதிரை விபத்தில் பையன் இறந்துவிடுகிறான். 'ஜான் இறந்துவிட்டான்' என்று செய்தி வரும்போது பிரெண்டா நினைப்பது காதலனை. தன் பிள்ளைதான் என்று புரிந்ததும் அவள் வாயிலிருந்து வருவது, கடவுளுக்கு நன்றி. பிறகுதான் அழுகிறாள். ஆங்கில நாவல்களில் இதைவிடக் கொடூரமான நாலு வரி எனக்கு நினைவில்லை. ஆசிரியர் அவளைத் திட்டி ஒரு சொல்கூடப் போடவில்லை.

விவாகரத்துக் காட்சியையும் சொல்லியாக வேண்டும். அப்போது இங்கிலாந்தில் விவாகரத்துக்குக் கள்ள உறவு நிரூபணமாக வேண்டும். தப்பு மனைவியுடையது என்றாலும் பெரிய மனிதர்கள் பழியைத் தாங்களே ஏற்பது மரியாதை. கூலிக்கு ஒரு பெண்ணை அமர்த்தி, கடலோர ஹோட்டலில் தங்கி, காலைக் காப்பி கொண்டுவரும் பணியாள் கண்ணில் படவேண்டும். டோனியும் அப்படிப் போகிறான். வந்த பெண் தன் சின்ன மகளையும் கூட்டி வந்துவிடுகிறாள், பிள்ளை கடலைப் பார்த்ததே இல்லையாம்! கள்ள உறவுக்குச் சாட்சி தயார் செய்ய வந்தவன் குழந்தையைச் சமாளித்துக்கொண்டு நிற்கிறான்.

டோனிக்கு முடிவில் என்ன ஆகிறது?

எல்லாவற்றையும் விட்டு அமேசான் காட்டுக்கு ஆய்வுப் பயணம் போகிறான். காய்ச்சலில் விழுந்தவனை டாட் என்ற கிழவர் காப்பாற்றுகிறார். டாடுக்குப் படிக்கத் தெரியாது, ஆனால் டிக்கன்ஸ் என்றால் உயிர். தினமும் வாசிக்கச் சொல்கிறார். தேடி வந்தவர்களைத் தந்திரமாகத் திருப்பி அனுப்பிவிடுகிறார். டோனி சாகும்வரை டிக்கன்ஸை உரக்க வாசித்துக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

அப்பா வீட்டில் உரக்க வாசித்தது ஞாபகம் இருக்கிறதா? அதுதான் இங்கே ஆயுள் தண்டனையாக வந்திருக்கிறது. 1932–33இல் வா பிரிட்டிஷ் கயானாவுக்கும் பிரேசிலுக்கும் போனார். போகும் வழியில் மதப்பித்துப் பிடித்த ஒரு விநோதக் கிழவரைச் சந்தித்தார். போவா விஸ்டா என்ற ஊரில் படகு வராமல் மாட்டிக்கொண்டு தவித்தார். இரண்டும் சேர்ந்து முதலில் ஒரு சிறுகதையானது, பிறகு நாவலின் முடிவானது.

பத்திரிகைக்காரர்கள் 'ஸ்கூப்' நாவலைக் கொண்டாடுவது ஏன்?

தங்களைத் திட்டியதை அவர்களே ரசிக்கிறார்கள், அது பெருந்தன்மைதான். 1935இல் இத்தாலி அபிசீனியா (இன்றைய எத்தியோப்பியா) மீது படையெடுத்த சமயம், டெய்லி மெயில் பத்திரிகைக்காக வா அங்கே போனார். நிருபர் வேலையில் படுமோசம். உருப்படியான ரகசியச் செய்தி ஒன்று கிடைத்தபோது மற்றவர்கள் படித்துவிடக் கூடாது என்று லத்தீனில் தந்தி அடித்தார். லண்டன் அலுவலகத்தில் அதை உளறல் என்று ஒதுக்கிவிட்டார்கள். குண்டுவீச்சில் ஓர் அமெரிக்க நர்ஸ் இறந்ததாக வதந்தி கிளம்பி, அவள் பெயர், வரலாறு, படம் எல்லாம் உடனே அனுப்பு என்று அலுவலகம் நச்சரித்தது. விசாரித்தால் அப்படி ஒரு நர்ஸே கிடையாது. தந்தியில் சொல்லுக்குச் சொல் காசு என்பதால் அவர் அனுப்பிய பதில் இரண்டே சொல்: 'நர்ஸ் அன்அப்ளோன்'. நர்ஸ் வெடிக்கவில்லை.

1938இல் இதெல்லாம் நாவலானது. கிராமத்தில் எலி, குருவி பற்றிப் பத்தி எழுதும் வில்லியம் பூட் என்பவனை, அதே குடும்பப்பெயர் கொண்ட நாவலாசிரியன் என்று தவறாக நினைத்துப் போர்க்களத்துக்கு அனுப்பிவிடுகிறார்கள். பத்திரிகை முதலாளி லார்ட் காப்பர். அவரிடம் 'இல்லை' என்று யாரும் சொல்ல முடியாது. அவர் சரியாகச் சொன்னால் வெளிநாட்டுச் செய்தி ஆசிரியர் சால்டர் "நிச்சயமாக" என்பார். தப்பாகச் சொன்னால், "ஓரளவுக்கு, லார்ட் காப்பர்." ஜப்பானின் தலைநகர் யோகஹாமாதானே? ஓரளவுக்கு, லார்ட் காப்பர். இந்தச் சொற்றொடர் ஆங்கிலத்தில் பழமொழி போலவே ஆகிவிட்டது. மேலதிகாரி உள்ள எந்த அலுவலகத்துக்கும் பொருந்தும்.

அதில் ஜேக்ஸ் என்ற நட்சத்திர நிருபரின் கிளைக்கதை ஒன்று. புரட்சி நடக்கும் ஊருக்குப் புறப்பட்டவர் ரயிலில் தூங்கிப்போய் வேறு நாட்டில் இறங்கிவிடுகிறார். ஊர் அமைதியாக இருக்கிறது. கவலைப்படாமல் தெருவில் பிணம், எரியும் தேவாலயம் என்று ஆயிரம் வார்த்தை அனுப்புகிறார். மற்ற நிருபர்களும் விழுந்தடித்து ஓடிவந்து அதையே எழுதுகிறார்கள். பங்குச்சந்தை விழுகிறது, ராணுவம் இறங்குகிறது, ஒரே வாரத்தில் நிஜமாகவே புரட்சி வந்துவிடுகிறது. வாட்ஸ்அப் காலத்தில் இதைப் படிக்கும்போது மிகையாகவே தெரியவில்லை.

அவர் இனவெறியர் என்கிறார்களே?

மழுப்பாமல் சொல்லிவிடுகிறேன். 'பிளாக் மிஸ்சீஃப்' (1932) போன்ற நாவல்களில் கறுப்பின மக்களைப் பற்றிய சித்திரங்களும் சொற்களும் இன்றைக்கு வாய்விட்டு வாசிக்க முடியாதவை. அங்கே வெள்ளைக்காரர்களும் முட்டாள்கள்தான் என்று சிலர் வக்காலத்து வாங்குவார்கள். உண்மைதான், ஆனால் இரண்டு முட்டாள்தனத்தையும் அவர் ஒரே தராசில் நிறுக்கவில்லை. அபிசீனியா விஷயத்தில் இத்தாலியின் பக்கம் சாய்ந்து புத்தகமே எழுதினார். நாவலில் எல்லாரையும் பார்த்துச் சிரித்தவர், அந்தப் புத்தகத்தில் படையெடுத்தவனைப் பார்த்துச் சிரிக்க மறந்துபோனார்.

கத்தோலிக்கராக ஏன் மாறினார்?

1930 செப்டம்பர் 29 அன்று மாறினார். அவர் பார்வையில் ஐரோப்பாவின் முன்னால் இருந்தவை இரண்டே வழி: கிறிஸ்தவம் அல்லது குழப்பம். விவாகரத்து ஆனவர் என்பதால் இனி மறுமணமே முடியாது என்று நினைத்துக்கொண்டுதான் சேர்ந்தார். 1936இல் ரோம் முதல் கல்யாணத்தைச் செல்லாது என்று அறிவித்தது. 1937இல் லாரா ஹெர்பெர்ட்டை மணந்தார். ஏழு குழந்தைகள், ஆறு பேர் பிழைத்தார்கள்.

'பிரைட்ஸ்ஹெட் ரிவிசிட்டட்' அங்கத நாவலா?

ஓரளவுக்கு, லார்ட் காப்பர். 1981 தொலைக்காட்சித் தொடரால் அவருக்கு உலகப் புகழ் கொடுத்த நாவல் இதுதான், ஆனால் இதில் அவர் முகம் இளகிவிடுகிறது. பாராசூட் பயிற்சியில் கால் எலும்பு முறிந்து, ராணுவத்தில் விடுப்பு வாங்கி, 1944இல் டெவனில் ஒரு விடுதியில் உட்கார்ந்து எழுதியது. ரேஷன் காலம். பின்னால் திருத்திய பதிப்பின் முன்னுரையில் அவரே ஒப்புக்கொண்டார்: பஞ்ச காலத்தில் எழுதியதால் சாப்பாடு, மது, அலங்கார நடை எல்லாவற்றிலும் ஒரு பெருந்தீனி ஏறிவிட்டது, வயிறு நிறைந்தபின் படிக்க ஒவ்வவில்லை என்று. பசியோடு எழுதிய பக்கங்கள் எனக்குப் பிடிக்கும், ஆனால் அங்கதக்கார வாவைத் தேடி இதற்குள் போகாதீர்கள்.

இதைப் படமாக்கும் பேச்சுக்காக 1947இல் ஹாலிவுட் போனார். பேச்சு முறிந்தது. ஆனால் கலிபோர்னியாவின் ஃபாரஸ்ட் லான் என்ற பிரம்மாண்டக் கல்லறைத் தோட்டத்தைப் பார்த்துச் சொக்கிப்போனார். பிணத்துக்கு ஒப்பனை, கல்லறைக்கு இசை. அதிலிருந்து 'தி லவ்டு ஒன்' (1948). மெலிசான புத்தகம், ஒரே மாலையில் முடியும், இரண்டு நாள் தூக்கம் கெடும்.

இலங்கைக்குப் போகும் வழியில் அவருக்குப் புத்தி பேதலித்தது உண்மையா?

உண்மை. 1954 தொடக்கத்தில், தூக்கமின்மைக்காகக் குளோரலும் புரோமைடும் மதுவும் கலந்து குடித்து உடம்பு கெட்டிருந்த நிலையில், இலங்கைக்குக் கப்பல் ஏறினார். நடுக்கடலில் குரல்கள் கேட்கத் தொடங்கின. கப்பலில் உள்ளவர்கள் தன்னைக் கேலி செய்கிறார்கள், சதி செய்கிறார்கள் என்று தோன்றியது. தாங்காமல் எகிப்தில் இறங்கி, விமானத்தில் கொழும்பு போனார். குரல்களும் கூடவே வந்தன. லண்டன் திரும்பியபின் மருத்துவர்கள் மருந்தின் நஞ்சுதான் காரணம் என்று கண்டு மாற்றிக்கொடுக்க, நின்றுபோனது.

வேறொருவர் என்றால் மூடி மறைத்திருப்பார். இவர் அப்படியே நாவலாக்கினார்: 'தி ஆர்டீல் ஆஃப் கில்பர்ட் பின்ஃபோல்ட்' (1957). முதல் அத்தியாயம் தன்னைத்தானே வரைந்த படம். பின்ஃபோல்டுக்குப் பிடிக்காதவை பிளாஸ்டிக், பிக்காஸோ, வெயில் காய்தல், ஜாஸ், சுருக்கமாக அவர் வாழ்நாளில் நடந்த அத்தனையும். டாஞ்ஜென்டின் காலைப் பற்றிப் பேசிய அதே அலட்டாத குரல், இந்த முறை தன் பைத்தியத்தைப் பற்றிப் பேசுகிறது.

வாழைப்பழக் கதை நிஜமா?

மகன் ஆபரன் தன்வரலாற்றில் எழுதியிருக்கிறார். போர் முடிந்த நேரம், பிள்ளைகள் வாழைப்பழத்தைக் கண்ணால் பார்த்தது கிடையாது. அரசாங்கம் குழந்தைக்கு ஒன்று என்று கொடுத்தது. அம்மா மூன்றை வாங்கி வந்தார். அப்பா மூன்றையும் தன் தட்டில் வைத்து, அந்தக் காலத்தில் கிடைக்கவே கிடைக்காத கிரீமையும் ரேஷன் சர்க்கரையையும் போட்டு, பிள்ளைகள் பார்த்துக்கொண்டிருக்க, முழுக்கச் சாப்பிட்டு முடித்தார். மகன் கடைசிவரை மன்னிக்கவில்லை. எனக்கும் மனசு வரவில்லை.

இப்படி நடந்துகொண்டு எப்படிக் கிறிஸ்தவன் என்று சொல்லிக்கொள்கிறாய் என்று தோழி நான்சி மிட்ஃபோர்டு கேட்டதற்கு, அந்த அருள்கூட இல்லாவிட்டால் மனிதனாகவே இருக்க மாட்டேன் என்று சொன்னாராம்.

வுட்ஹவுஸ் பிடிக்கும், இவரும் பிடிக்குமா?

சொல்வது கஷ்டம். வாவுக்கு ஆங்கில நகைச்சுவை எழுத்தாளர் வுட்ஹவுஸ் மீது பக்தியே உண்டு. போர்க்காலத்தில் ஜெர்மன் வானொலியில் பேசியதற்காக 1941இல் பிபிசியில் வுட்ஹவுஸைத் துரோகி என்று கிழித்தார்கள். இருபது வருஷம் கழித்து, 1961இல், அதே பிபிசியில் பேசி அவருக்கு மரியாதை மீட்டுக் கொடுத்தவர் வா. வாக்கியக் கட்டுமானத்தில் இருவரும் ஒரே சாதி. ஆனால் வுட்ஹவுஸ் உலகில் பன்றி காணாமல் போனால் கிடைத்துவிடும். வாவின் உலகில் குழந்தை காணாமல் போனால் அதைக் கவனிக்கவே நாலு அத்தியாயம் ஆகும்.

எப்போது இறந்தார்?

1966 ஏப்ரல் 10, ஈஸ்டர் ஞாயிறு. தேவாலயச் சீர்திருத்தத்தில் லத்தீன் பூசை போய்விட்டதே என்று கடைசி வருஷங்களில் மனம் உடைந்திருந்தார். அன்று காலை லத்தீன் பூசை கேட்டு, சோமர்செட்டில் காம் ஃப்ளோரி வீட்டுக்குத் திரும்பி, அங்கேயே இறந்தார். அவருக்கு வயது 62.

எதில் தொடங்கலாம்?

'டிக்லைன் அண்ட் ஃபால்'. சின்னது, ஆங்கிலமும் கடினமில்லை. அவசரமாகப் படித்தால் டாஞ்ஜென்டின் சாவைத் தவறவிட்டுவிடுவீர்கள், ஆகவே மெதுவாக. பிறகு 'ஸ்கூப்', அதன்பின் 'எ ஹேண்ட்ஃபுல் ஆஃப் டஸ்ட்'. போர் முத்தொகுதியான 'சோர்ட் ஆஃப் ஆனர்' (1952–61) பெரிய சாதனை, கிரீட் தீவிலிருந்து ராணுவம் பின்வாங்கும் பகுதிக்காகவே படிக்கலாம், ஆனால் அவர் குரல் பழகியபின். அமேசான் முடிவு பிடிக்காதவர்களுக்கு ஒரு தகவல்: அமெரிக்கப் பத்திரிகை ஒன்றில் தொடராக வந்தபோது, டிக்கன்ஸ் பகுதி ஏற்கெனவே சிறுகதையாக விற்றுப்போயிருந்ததால், அவர் வேறு முடிவு எழுதிக் கொடுத்தார். அதில் டோனி பத்திரமாக வீடு திரும்பி, மனைவியோடு சேர்ந்து, லண்டனில் அவள் வைத்திருந்த ரகசிய அறையை அவளுக்குத் தெரியாமல் தனக்கென்று வைத்துக்கொள்கிறான். சில பதிப்புகளில் பின்னிணைப்பாகக் கிடைக்கும். காடே தேவலை.